ஜப்பான் பயணத்தில் கின்ட்சுகி பட்டறை: அம்மாவின் கோப்பையை எடுத்துப் போகும் முன்

கேட்டிருப்பது இது: "மே மாதம் பத்து நாள் ஜப்பான் போகிறோம். டோக்கியோ, கியோட்டோ, கனசாவா. உடைந்த பீங்கானைத் தங்கம் வைத்து ஒட்டும் கின்ட்சுகி பட்டறை ஒன்றில் சேர ஆசை. இரண்டு மணி நேரத்தில் கற்றுத்தருவதாக விளம்பரம் பார்த்தேன். அம்மா வைத்திருந்த டீ கோப்பை ஒன்று மூன்று துண்டாக உடைந்து பெட்டியில் இருக்கிறது. அதை எடுத்துப் போய் ஒட்டிக்கொண்டு வரலாமா? ஒட்டிய கோப்பையில் டீ குடிக்கலாமா?"

பட்டறையில் கண்டிப்பாகச் சேருங்கள். அம்மாவின் கோப்பையை மட்டும் அந்த இரண்டு மணி நேரப் பட்டறைக்குக் கொண்டுபோகாதீர்கள். ஏன் என்று சொல்லத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

வேலை காரணமாக ஒசாகாவில் ஆறு வருடம் இருந்தேன். போன முதல் வருடமே கியோட்டோவில் ஒரு பட்டறைக்குப் போனேன். ஒன்றரை மணி நேரம். அவர்களே கொடுத்த இரண்டு துண்டுச் சிறு தட்டு. இரண்டு குழாய்களிலிருந்து பிசின் பிதுக்கிக் கலந்து, ஒட்டி, கோட்டின் மேல் தூரிகையால் பொன்னிறப் பொடி பூசி, ஒரு பெட்டியில் வைத்துக் கையில் கொடுத்தார்கள். அன்று எனக்கு அவ்வளவு சந்தோஷம். ஒரு வருடம் கழித்துப் பார்த்தால் கோடு மங்கி, ஓரிடத்தில் பச்சை படர்ந்திருந்தது. பூசியது பித்தளைப் பொடி. ஒட்டியது எபாக்ஸி. யாரும் என்னிடம் பொய் சொல்லவில்லை. என்ன பசை, என்ன பொடி என்று நானும் கேட்கவில்லை. அந்தப் பச்சைக் கறைதான் என்னை ஒரு முறையான வகுப்பில் கொண்டுபோய்ச் சேர்த்தது. மாதம் இரண்டு முறை, பதினான்கு மாதம் போனேன்.

கின் என்றால் தங்கம், ட்சுகி என்றால் இணைப்பது. பெயர் தங்கத்துக்குப் போய்விட்டது, வேலை முழுவதையும் செய்வது உருஷி. உருஷி மரத்தின் பட்டையைக் கீறினால் வடியும் பால் அது. இதைத் தமிழில் அரக்கு என்று எழுதிவிடுகிறார்கள். நம் ஊரில் அரக்கு என்பது ஒரு பூச்சி சுரப்பது, உருகும், கடிதத்துக்கு முத்திரை வைக்கலாம். உருஷி ஒருமுறை இறுகிவிட்டால் சூடு காட்டி அதை உருக்க முடியாது. அமிலத்துக்கும் சாராயத்துக்கும் எளிதில் அசையாது. ஹொக்கைடோவில் ககினோஷிமா என்ற தொல்லிடத்தில் சுமார் 9,000 ஆண்டுப் பழமையான உருஷிப் பொருட்கள் கிடைத்திருக்கின்றன. ஜப்பானின் வரலாற்றுக்கு முந்தைய ஜோமோன் காலத்து மக்களே உடைந்த மண்பானையை உருஷி தடவி ஒட்டியிருக்கிறார்கள். அதன் மேல் தங்கம் தூவும் பழக்கம் தேநீர்ச் சடங்கோடு வளர்ந்தது, மிகவும் பிந்தையது.

எங்கு போனாலும் ஒரு கதை சொல்வார்கள். 15ஆம் நூற்றாண்டில் ஷோகுன், அதாவது நாட்டை ஆண்ட படைத்தலைவர், அஷிகாகா யோஷிமசாவின் சீனக் கிண்ணம் விரிசல் விட்டதாம். இதைப் போல இன்னொன்று வேண்டும் என்று சீனாவுக்கு அனுப்பினாராம். இப்படி ஒன்றை இனிமேல் செய்ய முடியாது என்று உலோகக் கவ்வி அடித்துத் திருப்பி அனுப்பினார்களாம். அது பார்க்க நன்றாக இல்லை என்பதால் ஜப்பானியர் கின்ட்சுகியைக் கண்டுபிடித்தார்களாம். அந்தக் கிண்ணம் இப்போதும் இருக்கிறது. டோக்கியோ தேசிய அருங்காட்சியகத்தின் சேகரிப்பில், பகோஹன் என்ற பெயரில். பச்சை மெருகு போட்ட, சீனாவின் தெற்கு சோங் அரசமரபுக் காலத்துக் கிண்ணம். அதில் தங்கக் கோடு எதுவும் கிடையாது. கவ்விகள் அப்படியேதான் இருக்கின்றன, அந்தக் கவ்விகளுக்காகவே அதைப் போற்றுகிறார்கள். அந்த அருங்காட்சியகம் இருக்கும் உயேனோ பூங்காவுக்குப் போகும் நாளில் அது காட்சியில் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். இருந்தால் அதன் முன்னால் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வாருங்கள். தங்கக் கோட்டுக்கு உதாரணம் வேண்டுமென்றால், ஹொனாமி கோயெட்சு (1558–1637) செய்த செப்போ என்ற சிவந்த ராகு (கையால் வனையும் ஜப்பானியத் தேநீர்ப் பாண்ட வகை) கிண்ணம். அது டோக்கியோவில் உள்ள ஹதகேயாமா அருங்காட்சியகத்தினுடையது. அதுவும் எப்போதும் வெளியில் இருக்காது, விசாரித்துவிட்டுப் போங்கள்.

சரி, ஏன் இரண்டு மணி நேரத்தில் முடியாது என்பதற்கு வருகிறேன்.

உருஷி காய்வது தண்ணீர் ஆவியாவதால் நடப்பதில்லை. அதில் லாக்கேஸ் என்ற நொதி இருக்கிறது. அது காற்றிலுள்ள ஆக்சிஜனை எடுத்து, உருஷியோல் என்ற பொருளைச் சங்கிலி சங்கிலியாகக் கோத்து இறுக்குகிறது. அந்த நொதி வேலை செய்ய வெதுவெதுப்பும் ஈரமும் வேண்டும். 20 முதல் 30 டிகிரி வெப்பம், 70 முதல் 85 சதவீதம் ஈரப்பதம். அதாவது ஈரம் இருந்தால்தான் இது காயும். வகுப்பில் முதல் நாள் ஒட்டிய கிண்ணத்தை, நல்ல வெயில் அடிக்கிறதே என்று ஜன்னலோரம் வைக்கப் போனேன். சென்செய், அதாவது எங்கள் ஆசிரியர், அதை என் கையிலிருந்து வாங்கி, ஈரத்துணி விரித்த ஒரு மரப்பெட்டிக்குள் வைத்து மூடினார். அந்தப் பெட்டிக்கு முரோ என்று பெயர். ஜூன் மாத மழைக்காலத்தில் உருஷி விறுவிறுவென்று இறுகும். ஜனவரியில் பெட்டிக்குள் வெந்நீர்ப் பாட்டில் வைத்துக் காத்திருக்க வேண்டும். சென்னையில் இருப்பவர்களுக்கு இது ஒரு நல்ல செய்தி. ஐப்பசி, கார்த்திகையில் நம் வீடே ஒரு முரோதான்.

வேலை என்னென்ன என்று சொன்னால் காலக் கணக்கு தானாகப் புரியும். உடைந்த விளிம்புகளை முதலில் வைர அரத்தால் லேசாகச் சீவ வேண்டும், பசை பிடிக்க ஒரு மயிரிழை இடம் கிடைப்பதற்காக. கோதுமை மாவில் சில சொட்டுத் தண்ணீர் விட்டுச் சப்பாத்தி மாவு போலப் பிசைந்து, ஏறத்தாழ அதே அளவு பச்சை உருஷி சேர்த்துக் கண்ணாடிப் பலகையில் தட்டைக் கரண்டியால் அரைக்க வேண்டும். இழுத்தால் நூல் நூலாக வரும், பலாப்பால் மாதிரி. இதுதான் முகி உருஷி, பசை. இதை விளிம்பு இரண்டிலும் மெல்லிசாகத் தடவி, கொஞ்ச நேரம் காற்றாட விட்டு, துண்டுகளை அழுத்திச் சேர்த்து, டேப் போட்டு முரோவுக்குள் வைக்க வேண்டும். குறைந்தது ஒரு வாரம். நல்லபடியாக வேண்டுமானால் இரண்டு, மூன்று வாரம்.

அப்புறம் பிதுங்கியதைச் சுரண்டி எடுப்பது. சிறு பள்ளங்களுக்குத் தொனொகோ என்ற மண்பொடியை உருஷியோடு குழைத்த சாபி. விளிம்பில் ஒரு சில்லு மொத்தமாகக் காணாமல் போயிருந்தால் மரத்தூள் சேர்த்த கொகுசோ. ஒரே தடவையில் தடிமனாக அப்பினால் மேலே இறுகி, உள்ளே பச்சையாகவே நின்றுவிடும். அதனால் மெல்லிசு மெல்லிசாக, ஒவ்வொரு அடுக்குக்கும் நாள் கணக்கில் இடைவெளி விட்டு. பிறகு தண்ணீர் தொட்டு உப்புத்தாளால் தேய்ப்பது. கறுப்பு உருஷி ஒரு பூச்சு, காயவிடு, தேய். மறுபடி ஒரு பூச்சு, காயவிடு, தேய். கண்ணை மூடிக்கொண்டு விரலை ஓட்டினால் இணைப்பு எங்கே என்று தெரியக்கூடாது. அதுவரை தங்கத்தைப் பற்றிப் பேச்சே இல்லை. என் முதல் கிண்ணம் இந்தக் கட்டத்துக்கு வரவே இரண்டரை மாதம் ஆனது.

கடைசி நாள்தான் தங்கம். காவி சேர்த்த சிவப்பு உருஷியை, நீளமான மயிர்த் தூரிகையால் கோட்டின் மேல் மிக மெல்லிசாக இழுக்க வேண்டும். கோலத்தில் நீளமாகக் கம்பி இழுக்கும்போது மூச்சைப் பிடித்துக்கொள்வோமே, அந்த மாதிரி. அது பாதி இறுகும் வரை, அரை மணி நேரமோ கூடவோ பொறுத்திருந்து, பட்டுப் பஞ்சில் தங்கப்பொடியைத் தொட்டு ஒத்த வேண்டும். சீக்கிரம் ஒத்தினால் பொடி உருஷிக்குள் மூழ்கி மங்கிவிடும். தாமதித்தால் ஒட்டாது. எனக்கு முதல் இரண்டு தடவையும் மூழ்கிவிட்டது, தேய்த்து எடுத்துவிட்டு மறுபடி கோடு இழுத்தேன். எல்லாம் இறுகிய பிறகு அகேட் கல்லாலோ, மரபுப்படி தாய் என்னும் கடல்மீனின் பல்லாலோ தேய்த்தால் பளபளப்பு வரும். அடியில் சிவப்பு எதற்கு என்றால், சிவப்பின் மேல் தங்கம் கதகதப்பான நிறத்தில் தெரியும். கோடு கொஞ்சம் தேய்ந்தாலும் உறுத்தாது.

இவ்வளவையும் பத்து நாள் பயணத்தில் செய்ய வழியில்லை. அதனால்தான் பயணிகளுக்கான பட்டறைகளில் பெரும்பாலும் எளிய முறையைச் சொல்லித்தருகிறார்கள். ஜப்பானிய மொழியில் இதற்குக் கன்இ கின்ட்சுகி என்று பெயர், எளிதாக்கிய கின்ட்சுகி. எபாக்ஸி சில நிமிடத்தில் பிடிக்கும், அன்றைக்கே கையில் கொடுத்துவிடலாம். நிஜ உருஷியில் செய்வது ஹொன் கின்ட்சுகி. இரண்டுக்கும் நடுவில் ஒரு பெயர் உங்களைக் குழப்பும்: ஷின் உருஷி. ஷின் என்றால் புதிய. தூண்டில் கோல்களுக்குப் பூச விற்கப்படும் ஒருவகைப் பெயிண்ட் அது, உருஷி மரத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை. விளம்பரத்தில் உருஷி என்ற சொல்லைப் பார்த்ததும் திருப்தி அடைந்துவிடாதீர்கள்.

முன்பதிவு செய்யும் முன் மூன்று விஷயம் கேளுங்கள். பசை ஹொன் உருஷியா? பொடி ஜுன்கின், அதாவது சுத்தத் தங்கமா, இல்லை ஷின்ச்சூ, அதாவது பித்தளையா? முடிந்த பிறகு அதில் சாப்பிடலாமா? நல்ல பட்டறை எதுவும் இந்தக் கேள்விகளுக்கு வருத்தப்படாது. எபாக்ஸி என்றால் எபாக்ஸி என்றே சொல்வார்கள், அலங்காரத்துக்கு மட்டும் என்றும் சொல்வார்கள். பதில் சுற்றி வளைத்து வந்தால் வேறு இடம் பாருங்கள். "அன்றே எடுத்துச் செல்லலாம்" என்று போட்டிருந்தால் அது முழு உருஷி வேலையாக இருக்க முடியாது, அதைக் கேட்கவே வேண்டாம். கட்டணம் நான் பார்த்தவரை ஆளுக்கு 5,000 யென்னிலிருந்து 15,000 யென் வரை இருந்தது. சுத்தத் தங்கப்பொடி என்றால் அதற்குத் தனியாக வாங்குவார்கள், அது நியாயம்தான்.

எளிய முறைப் பட்டறையை நான் மட்டமாகச் சொல்லவில்லை. ஒரு துண்டு இன்னொரு துண்டோடு சேரும் அந்த நொடியை, 'டக்' என்று உட்காரும் அந்த உணர்வை விரல் நுனியில் தெரிந்துகொள்ள அது போதும். பிள்ளைகளோடு போகிறவர்களுக்கு அதுதான் சரி. ஆனால் உங்கள் கேள்வியைப் படித்தால், நீங்கள் தேடுவது அதைவிடக் கூடுதலாக இருக்கிறது என்று தோன்றுகிறது. உங்களுக்கு நான் சொல்லும் வழி வேறு. சில உருஷிக் கலைஞர்கள் பயணிகளுக்கென்று ஒரே ஒரு கட்டத்தை மட்டும் சொல்லித்தருகிறார்கள். அவர்களே ஒட்டி, நிரப்பி, தேய்த்துத் தயாராக வைத்திருக்கும் தட்டில் நீங்கள் சிவப்புக் கோடு இழுத்துத் தங்கம் ஒத்துவீர்கள். அல்லது முகி உருஷி பிசைந்து ஒட்டுவது வரை நீங்கள், மீதியை அவர்கள் முடித்துச் சில மாதம் கழித்து அஞ்சலில் அனுப்புவார்கள். கனசாவா உங்கள் பட்டியலில் இருப்பது நல்லது. ஜப்பானின் தங்கத்தாள் ஏறக்குறைய முழுவதும் அந்த ஊரில்தான் தட்டப்படுகிறது. உருஷி மேல் தங்கப்பொடி தூவி ஓவியம் தீட்டும் மாகிஎ கலையும் அங்கே பழையது. கின்ட்சுகியின் கடைசிக் கட்டம் அந்த மாகிஎயிலிருந்து வந்ததுதான். ஊர் முழுக்க உருஷி தெரிந்தவர்கள் இருக்கும் இடத்தில் ஒரு கட்டத்தை ஒழுங்காகக் கற்றுக்கொண்டு வருவது, எல்லாக் கட்டத்தையும் எபாக்ஸியில் ஓட்டிப் பார்ப்பதைவிட மேல் என்பது என் அபிப்பிராயம்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். சில இடங்களில் பட்டறை தொடங்கும்போது ஒரு நல்ல கோப்பையைத் துணியில் சுற்றிச் சுத்தியலால் தட்டி உடைக்கச் சொல்வார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. ஒருவர் சக்கரத்தில் வனைந்து, சூளையில் சுட்டு எடுத்த பாத்திரத்தை, ஒட்டிப் பார்ப்பதற்காக உடைப்பதா? சென்செய் வீட்டு அலமாரியில் கைதவறி உடைந்த தட்டுகளே ஒரு கூடை நிறைய வரிசையில் காத்திருந்தன. பட்டறைக்காரர்களிடம் ஏற்கெனவே உடைந்தது இருக்கிறதா என்று கேளுங்கள். பெரும்பாலும் இருக்கும்.

இப்போது உடம்பு விஷயம். இதை நிதானமாகப் படியுங்கள். இறுகாத உருஷி தோலில் பட்டால் சிலருக்குக் கடுமையாக அரிக்கும், தடிக்கும், கொப்புளம் வரும். ஜப்பானியர் இதைக் கபுரே என்பார்கள். பட்ட உடனே தெரியாது, ஒன்றிரண்டு நாள் கழித்துக் கிளம்பும், இரண்டு வாரம் வரைகூடப் படுத்தும். அதாவது பயணத்தின் மீதி நாட்கள் போச்சு. உருஷி மரம், மா, முந்திரி எல்லாம் ஒரே குடும்பம். நம் ஊர் சேங்கொட்டையும் அதே குடும்பம்தான். துணிக்கு அழியாத குறி போடச் சலவைத் தொழிலாளர்கள் பயன்படுத்திய கொட்டை, சுத்தி செய்யாமல் சித்த மருத்துவர்கள் கையே வைக்க மாட்டார்கள். அதன் எண்ணெய் பட்டுப் புண்ணானவர்களைப் பார்த்திருந்தால், உருஷி என்ன செய்யும் என்று உங்களுக்குத் தெரியும். பண்ருட்டிப் பக்கம் முந்திரிக்கொட்டை உடைக்கிறவர்களின் விரல்களைக் கருக்கும் ஓட்டு எண்ணெயும் இதே வகை. ஆகவே மாங்காய்ப்பால் பட்டால் உதடு வெந்துபோகும் ஆளா நீங்கள்? முந்திரி ஓட்டு எண்ணெய் ஒத்துக்கொள்ளாதா? அப்படியென்றால் நிஜ உருஷியைத் தொடாதீர்கள், எளிய முறைப் பட்டறையே உங்களுக்குப் பத்திரம். மற்றவர்களும் முழுக்கைச் சட்டை போட்டுக்கொள்ளுங்கள், மோதிரம், கடிகாரத்தைக் கழற்றி வையுங்கள், கையுறையைக் கடைசி வரை கழற்றாதீர்கள். தோலில் பட்டுவிட்டால் தண்ணீர் விட்டுத் தேய்க்க வேண்டாம். சமையல் எண்ணெயால் துடைத்து எடுத்து, பிறகு சோப்புப் போட்டுக் கழுவ வேண்டும். என் மணிக்கட்டில் ஒரு சொட்டு, கவனிக்காமல் விட்டது, பத்து நாள் தூங்கவிடவில்லை.

ஆனால் முழுவதுமாக இறுகிய உருஷி அப்படியில்லை. ஜப்பானில் தலைமுறை தலைமுறையாக சூப் குடிக்கும் கிண்ணங்களின் மேல் பூச்சே அதுதான். எனவே உருஷியில் ஒட்டித் தங்கம் வைத்த கோப்பையில் டீ குடிக்கலாமா என்றால், தாராளமாகக் குடிக்கலாம். முடிந்ததும் ஒரு மாதமாவது ஆறப்போட்டுவிட்டுத் தொடங்குங்கள். மைக்ரோவேவில் வைக்கக்கூடாது, பாத்திரம் கழுவும் இயந்திரத்தில் போடக்கூடாது, தண்ணீரில் ஊறப்போடக்கூடாது, சொரசொரப்பான நாரால் தேய்க்கக்கூடாது. வெயில் நேராக விழும் இடத்திலும் வேண்டாம், புற ஊதாக் கதிர் உருஷியை மெல்ல அரிக்கும். எபாக்ஸியும் பித்தளையும் போட்ட பாத்திரம் என்றால் சாவி போட்டுவைக்க, பூ வைக்க. சூடான டீக்கு வேண்டாம். பட்டறைக்காரர்கள் தாங்கள் போட்ட பொருள் உணவுக்கு ஏற்றது என்று உறுதியாகச் சொன்னால் ஒழிய அதில் உணவு வைக்காதீர்கள்.

அம்மாவின் கோப்பைக்கு வருகிறேன். அதை எபாக்ஸியில் ஒட்டிவிட்டால் அது டீ கோப்பையாக இருப்பது அன்றோடு முடிந்தது, அலமாரிப் பொருளாகிவிடும். பிற்பாடு மனசு மாறி உருஷியில் செய்யலாம் என்று நினைத்தால், பிசினை விளிம்பு விளிம்பாகச் சுரண்டி எடுத்தாக வேண்டும். அதில் புதிதாகச் சில்லு பெயரும். உருஷிக்காரர்கள் பலர் பசை பட்ட பாத்திரத்தை வாங்கவே தயங்குவார்கள். தவிரவும், கை பழகாத முதல் நாளில், நேரம் முடியப்போகிறது என்ற பதற்றத்தில், திரும்பக் கிடைக்காத ஒரு பொருளை ஒட்டுவது சரியில்லை. மூன்று துண்டை ஒட்டும்போது முதல் இரண்டும் இம்மி அளவு விலகினாலும் மூன்றாவது உட்காராது. எபாக்ஸியில் அதைத் திருத்த உங்களுக்குக் கிடைப்பது சில நிமிடம். முகி உருஷி அவசரப்படாது. கழற்றி, துடைத்து, மறுபடி ஒட்டலாம். நான் ஒரு தட்டை அப்படி நான்கு தடவை கழற்றியிருக்கிறேன்.

உங்களுக்கு முன்னால் இரண்டு வழி இருக்கிறது. முதல் வழி, கோப்பையை எடுத்துப் போய், ஜப்பானில் உருஷிப் பழுது வேலை ஏற்கும் கலைஞர் ஒருவரிடம் கொடுத்துவிட்டு வருவது. போகும் முன்பே படம் அனுப்பி, எத்தனை மாதம் ஆகும், எவ்வளவு செலவு, இந்தியாவுக்கு அனுப்புவார்களா என்று பேசி முடித்துக்கொள்ளுங்கள். கோப்பை மெருகில்லாத மண்பாத்திரமா, கண்ணாடி போல வழுவழுப்பான பீங்கானா என்பதையும் சொல்லுங்கள். மெருகில்லாத மண் உருஷியை உறிஞ்சி, கோட்டைச் சுற்றிக் கருத்துப்போகும், அதற்கு முன்கூட்டியே காப்புப் பூச வேண்டும். வழுவழுப்பான பீங்கானில் அந்தக் கவலை இல்லை. ஆனால் பிடிப்பு குறைவு, விளிம்பைச் சீவுவதில் கூடுதல் கவனம் வேண்டும்.

இரண்டாவது வழி, எனக்குப் பிடித்தது. பட்டறையில் அவர்கள் கொடுக்கும் பாத்திரத்தில் ஒரு கட்டத்தைக் கற்றுக்கொள்ளுங்கள். ஊருக்குத் திரும்பி, ஒரு விலையில்லாத தட்டில் முழு வேலையையும் ஒருமுறை செய்து பாருங்கள். உருஷி, தொனொகோ, தூரிகை, கொஞ்சம் தங்கப்பொடி எல்லாம் சேர்ந்த பெட்டிகள் ஜப்பானில் கைவினைக் கடைகளில் கிடைக்கும். உருஷிக் குழாயை விமானத்தில் கொண்டுவரலாமா என்பதை வாங்கும் முன் விமான நிறுவனத்திடம் கேட்டுக்கொள்ளுங்கள். ஒரு ஈரத்துணி, ஒரு அட்டைப்பெட்டி, மழைக்காலம், இவ்வளவு இருந்தால் முரோ தயார். முதல் தட்டு கோணலாக வரும். இரண்டாவது பரவாயில்லை என்று தோன்றும். அதற்கப்புறம் அம்மாவின் கோப்பையை எடுங்கள்.

ஒரு குழாயில் வரும் அந்தக் கொஞ்சம் உருஷியை வீணாக்காமல் பயன்படுத்துங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். ஜப்பானிய உருஷியில் பெரும்பங்கு இவாதே மாகாணத்தில் ஜோபோஜி என்ற ஊர்ப் பக்கத்திலிருந்து வருகிறது. மரம் பத்துப் பதினைந்து வருடம் வளர வேண்டும். பிறகு ஜூன் தொடங்கி இலையுதிர்காலம் வரை நான்கைந்து நாளுக்கு ஒருமுறை கீறி, சொட்டுச் சொட்டாக வழித்தெடுப்பார்கள். ஒரு மரம் தருவது மொத்தமே சுமார் 200 கிராம். அத்தோடு அந்த மரத்தை வெட்டிவிடுவார்கள், அடிக்கட்டையிலிருந்து புதுத் தளிர் வரும். ஜப்பான் பயன்படுத்தும் உருஷியில் பெரும்பகுதி சீனாவிலிருந்து வருவதற்கு இதுவே காரணம். சீன உருஷியிலும் நல்ல வேலை நடக்கும், நான் பழகியது அதில்தான்.

பட்டறைகளில் வாழ்க்கைத் தத்துவம் நிறையச் சொல்வார்கள், உடைந்த மனசைத் தங்கத்தால் ஒட்டுவது பற்றியெல்லாம். சொல்லட்டும். பதினான்கு மாதத்தில் என் சென்செய் அப்படி ஒரு வார்த்தை பேசி நான் கேட்டதில்லை. அவர் பேசியது விளிம்பு, ஈரம், தூரிகை மயிர், இவற்றைப் பற்றித்தான். ஒரே ஒரு சொல் மட்டும் அடிக்கடி சொல்வார்: கெஷிகி. காட்சி, நிலக்காட்சி என்று பொருள். தேநீர்க் கிண்ணத்தில் மெருகு வழிந்த தடம், சூளைத் தீ பட்ட கறை, ஒட்டுப்போட்ட கோடு எல்லாமே அதன் கெஷிகி. கோடு எப்படி ஓட வேண்டும் என்பதை உடைப்பு முன்பே தீர்மானித்துவிட்டது. அதை நேராக்கவோ அழகாக்கவோ கை துறுதுறுக்கும், அப்போதெல்லாம் அந்தச் சொல்லைச் சொல்லித் தடுப்பார். ஒரு துண்டு தொலைந்தே போயிருந்தால் வேறொரு பாத்திரத்தின் துண்டைச் செதுக்கிப் பொருத்துவதும் உண்டு. அதற்கு யோபிட்சுகி என்று பெயர். நீல ஓவியம் வரைந்த தட்டின் ஓரத்தில் வேறொரு தட்டின் சிவப்புப் பூ வந்து உட்கார்ந்திருப்பதைப் பார்த்தால் அவ்வளவு அழகாக இருக்கும்.

பயணத்துக்கு இன்னும் நாள் இருக்கிறது. அதுவரை கோப்பைத் துண்டுகளைக் கழுவிக் காயவைத்து, ஒவ்வொன்றையும் தனித்தனியாக மெல்லிய தாளில் சுற்றி வையுங்கள். ஒன்றோடொன்று உரசினால் விளிம்பு பொடிந்து பிறகு பொருந்தாது. சேர்கிறதா என்று அடிக்கடி சேர்த்துப் பார்க்க வேண்டாம். பெட்டியின் மூலையில் மிளகளவு சில்லு கிடந்தாலும் எறிந்துவிடாதீர்கள், அதையும் ஒரு தாளில் மடித்து வையுங்கள். உடனடிப் பசை எதையும் பக்கத்தில் கொண்டுவராதீர்கள். கோப்பையின் படம், எந்தத் துண்டு எங்கே என்ற விவரம், விளிம்பில் எவ்வளவு காணோம் என்ற அளவு, இவற்றை எழுதினால் அதற்கு உருஷி மட்டும் போதுமா, கொகுசோ வேண்டுமா என்று பார்த்துச் சொல்கிறேன்.